பெரியநாயகி செத்த மாதம்

மார்ச் 3, திங்கள்

காலையில் குணசீலன் போன் செய்தார். எனக்குச் சீரியல் வாய்ப்புகளைப் பிடித்துக் கொடுக்கும் மேனேஜர். வழக்கமாக எடுத்ததும் விஷயத்துக்கு வருகிறவர், இன்று என் முழங்கால் வலியை விசாரித்தார். அப்போதே தெரிந்துவிட்டது.

பெரியநாயகியைக் கொல்லப் போகிறார்களாம். நாலு வருஷமாக ஏழரை மணி சீரியலில் நான் சுமக்கிற மாமியாரின் பெயர் அது. கதை நகரவில்லையாம், வீட்டில் ஒரு சாவு விழுந்தால் சூடு பிடிக்குமாம். மாரடைப்பு. வெள்ளிக்கிழமை ஒரு நாள் கால்ஷீட்.

முப்பத்துமூன்று வருஷத்தில் பதினோரு தடவை செத்திருக்கிறேன். கிணறு, பாம்பு, கேஸ் சிலிண்டர், மருமகள் கொடுத்த பால். மாரடைப்பு இது மூன்றாவது. பிள்ளைத்தாய்ச்சிக்குப் பிரசவத் தேதி சொல்வது மாதிரி எனக்குச் சாவுத் தேதி சொல்வார்கள். பழகிவிட்டது. ஆனால் நாலு வருஷம் தினமும் போட்டுக்கொண்ட பொட்டு, அதன் அளவு நெற்றிக்குத் தெரியும்.

லூர்துவிடம் சொன்னேன். இருபது வருஷமாக எனக்குத் தலை அலங்காரம் செய்கிறவள். "கோமால போடச் சொல்லுக்கா. நாளைக்கு எழுப்பிக்கலாம்ல" என்றாள். கேட்டுப் பார்த்தேன். கோமாவில் ஏற்கெனவே ஒருத்தர் இருக்கிறாராம்.

மாவு அரைத்தேன். மேலே கீதா வீட்டுக்குக் கொஞ்சம் கொடுத்தேன்.

மார்ச் 5, புதன்

அருள்செல்வனுக்கு இன்று முப்பத்தைந்து வயது. கோயிலில் அர்ச்சனை செய்தேன். ராசி, நட்சத்திரம் சொல்லும்போது குருக்கள், தம்பி எங்கே இருக்கார் என்று கேட்டார். ஓசூர், பெரிய தொழிற்சாலை, சூப்பர்வைசர், ஒரு பெண் குழந்தை என்று கடகடவென்று ஒப்பித்தேன். அவன் என்னோடு பேசி ஆறு வருஷமாகிறது என்பதைக் குருக்களிடம் சொல்லி என்ன ஆகப்போகிறது.

என் புருஷன் சண்முகராஜ் இறந்தபோது நான் போய்ச் சேர நேரமாகிவிட்டது. கார் கிடைக்கவில்லை. அவ்வளவுதான் நடந்தது. அருளின் அப்பா. திண்டுக்கல்லில் கூட்டுறவு பண்டகசாலையில் வேலை பார்த்து, என் பிள்ளையையும் அவர்தான் வளர்த்தார். நான் சென்னைக்கும் திண்டுக்கல்லுக்குமாக அலைந்தேன். எனக்கு வலிக்காதா? பெத்த மனம் பித்து, பிள்ளை மனம் கல்லு என்று சும்மாவா சொன்னார்கள்.

பிறந்தநாளுக்கு நான் போன் செய்யவில்லை. முதல் மூன்று வருஷம் செய்து பார்த்தேன், எடுக்கவில்லை. எனக்கும் ரோஷம் உண்டு.

மார்ச் 7, வெள்ளி

செத்து முடித்து வந்துவிட்டேன்.

வளசரவாக்கத்தில் ஷூட்டிங்குக்கு விடுகிற அந்த மஞ்சள் வீடு. போய் இறங்கினால் வாசலில் பெரிய கண்ணீர் அஞ்சலி பேனர். என் படம், மாலை, அழுகிற இரண்டு கண். கீழே கொட்டை எழுத்தில் "வேணி அம்மா". பெரியநாயகி இல்லை, வேணி அம்மா. செட்டில் எல்லாரும் என்னை வேணியம்மா என்றுதான் கூப்பிடுகிறார்கள். வேணியம்மா சாவுக்கு ஒரு பேனர் என்று ஆர்ட் டிபார்ட்மென்ட்டுக்குச் சொல்லியிருக்கிறார்கள். சொன்னபடி அச்சடித்துவிட்டார்கள். டைரக்டர் கத்தினார். மாற்றி அடிக்க நேரமில்லை என்று பெயருக்கு மேல் ஒரு சாமந்தி மாலையைத் தொங்கவிட்டு மறைத்தார்கள்.

நான் சிரித்து வைத்தேன். முகம் சுளித்தால் வேணியம்மாவுக்குத் திமிர் என்பார்கள்.

ஐஸ் பெட்டிக்குள் நாலு மணி நேரம். நிஜப் பெட்டி, வாடகைக்கு எடுத்தது. மெஷினைப் போடவில்லை. கண்ணாடி மூடியில் ஒரு பக்கம் காற்றுக்காகக் கட்டை வைத்திருந்தார்கள். மருமகளாக நடிக்கிற பெண் ரோஜா வாசனைத் தைலம் பூசியிருந்தாள், எனக்குத் தும்மல் வந்து இரண்டு டேக் போனது. வெளியே தெருவில் கூட்டம். எதிர் மாடியில் நாலைந்து பேர் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

சாவு சீன் முடிந்ததும், பிணமாக நடித்தவர் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்து ஒரு தடவை சிரிக்க வேண்டும். எங்கும் சேர்க்கமாட்டார்கள், ஆனாலும் எடுப்பார்கள். பிறகு பூசணிக்காய் உடைத்துத் திருஷ்டி கழிப்பார்கள். நான் செத்த பதினோரு தடவையும் அப்படித்தான். இன்று ஆறு மணியாகிவிட்டது என்று லைட்டை அணைத்துவிட்டார்கள். நான் சிரிக்கவில்லை, யாரும் கேட்கவுமில்லை. லூர்து மட்டும் கற்பூரம் தேடி எடுத்துவந்து சுற்றிப்போட்டாள்.

மார்ச் 8, சனி

முதுகு பிடித்துக்கொண்டது. தைலம். ரசம் சாதம். படுக்கை.

மார்ச் 10, திங்கள்

இன்று நான் இறந்துவிட்டேன்.

காலை ஏழு மணிக்குக் கீதா கதவைத் தட்டினாள். திறந்தால் பேயைப் பார்த்தவள் மாதிரி சுவரில் சாய்ந்தாள். கையில் போன். அதில் நான் ஐஸ் பெட்டிக்குள் படுத்திருக்கிறேன், பக்கத்தில் பேனர். சாமந்தி மாலை சரிந்து "வேணி அம்மா" பளிச்சென்று தெரிகிறது. எதிர் மாடியில் எடுத்த வீடியோ. "பிரபல துணை நடிகை வேணி காலமானார், திரையுலகம் அதிர்ச்சி" என்று எழுதி, பின்னணியில் ஷெனாயும் சேர்த்திருந்தார்கள். உயிரோடு இருந்தபோது ஒருத்தரும் என்னைப் பிரபலம் என்று சொன்னதில்லை.

அதற்குப் பிறகு போனைக் கீழே வைக்கவில்லை. நான் "ஹலோ" என்றால் எதிர்ப்பக்கம் அலறுகிறது. ஒருத்தர், "அம்மா எப்ப இறந்தாங்க?" என்று என்னிடமே கேட்டார். "எடுக்கிறது எத்தனை மணிக்கு?" என்று ஒருத்தர். மூன்று மணி என்று சொல்லிவிடலாம் போல இருந்தது. பத்து வருஷமாக எட்டிப் பார்க்காத ஒரு தங்கச்சி வேஷக்காரி தேம்பித் தேம்பி அழுதாள், நான் உயிரோடு இருப்பதாகச் சொன்னதும் கொஞ்சம் ஏமாந்த மாதிரி இருந்தது. திண்டுக்கல்லிலிருந்து என் நாத்தனார் பேசினாள். சண்முகராஜ் போனதிலிருந்து முகம் கொடுத்துப் பேசாதவள், "நல்லா இரு" என்று சொல்லி வைத்துவிட்டாள்.

அருள் கூப்பிடவில்லை.

நாத்தனாருக்குத் தெரிந்தது அவனுக்குத் தெரியாமல் இருக்காது. முதல் ஆளாக அவனுக்குத்தான் சொல்லியிருப்பார்கள். ஒருவேளை கிளம்பி வந்துகொண்டிருக்கிறானோ? ஓசூரிலிருந்து ஏழு மணி நேரம். சமைத்து வைத்தேன். அவனுக்குப் பிடித்த வாழைக்காய்ப் பொடிமாஸ். மாலை வரை பால்கனியிலேயே நாற்காலியைப் போட்டு உட்கார்ந்திருந்தேன். கேட்டில் ஒவ்வொரு ஆட்டோ நிற்கும்போதும் எழுந்தேன்.

மார்ச் 11, செவ்வாய்

வரவில்லை. பொடிமாஸைக் கீதா வீட்டுக்குக் கொடுத்தேன்.

ஒரு ரசிகர் மன்றத்திலிருந்து ரோஜா மாலை வந்தது. வாட்ச்மேன் அதை எங்கே வைப்பது என்று தெரியாமல் செத்தவன் கையில் வெற்றிலை பாக்கு கொடுத்த மாதிரி நின்றான். வாங்கிப் பிள்ளையாருக்குப் போட்டேன்.

மதியம் குணசீலனிடம், இருபதாம் தேதி ஒரு படத்தில் கதாநாயகனின் பெரியம்மாவாக இரண்டு நாள் பேசி வைத்தோமே, எத்தனை மணிக்குப் போக வேண்டும் என்று கேட்டேன். அவர் மென்று விழுங்கினார். செய்தி பரவினதும் அந்தக் கம்பெனிக்காரர்கள் நேற்றே வேறொரு அம்மாவைப் பேசி முடித்து, ரவிக்கைக்கு அளவும் எடுத்துவிட்டார்களாம். நான் இருக்கிறேன் என்று தெரிந்தபோது தையல் முடிந்துவிட்டது.

கோபம்கூட வரவில்லை. வேஷம் இன்னொன்று வரும். வீடியோவில் அம்மா செத்துக் கிடப்பதைப் பார்த்துவிட்டு ஒருத்தன் சும்மா இருக்கிறானே, அவனை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

மார்ச் 12, புதன்

சார்ஜரை மாற்றினேன். கீதா போனிலிருந்து என் நம்பருக்கு அடித்துப் பார்த்தேன். மணி நன்றாகத்தான் அடிக்கிறது.

மார்ச் 15, சனி

லூர்து வந்தாள். தலைக்கு மருதாணி அரைத்து வைத்துவிட்டாள். அவள் கை தலையில் பட்டால் எனக்குப் பேச்சு வரும், அழுகையும் வரும். அருள் வரவில்லை, கூப்பிடவில்லை, நான் அவனைப் பெறவில்லை என்று நினைத்துக்கொள்கிறேன் என்றேன். அவள் மருதாணியை அப்பிக்கொண்டே இருந்தாள். பிறகு, "நீயே ஒரு வாட்டி பேசேன்க்கா" என்றாள்.

நான் ஏன் பேச வேண்டும்? கார் கிடைக்காதது என் குற்றமா என்று கத்தினேன்.

"கார் வாசல்லயே நின்னுச்சுக்கா. நானும் அங்கதான இருந்தேன்."

அவளை அனுப்பிவிட்டேன். மருதாணி காய்வதற்கு முன்பே.

சரி, எழுதிவிடுகிறேன். இந்த நோட்டை யார் படிக்கப் போகிறார்கள்? கார் நின்றது. காரைக்குடியில் ஷூட்டிங். காலை பத்தரைக்கு நாத்தனார் போன், அண்ணன் போய்விட்டார் என்று. புரொடக்‌ஷன் மேனேஜரே சாவியோடு வந்து, நீங்கள் கிளம்புங்கள் அம்மா என்றார். ஆனால் பெரிய நடிகர் அன்று ஒரு நாள்தான் தேதி கொடுத்திருந்தார். அவரோடு இரண்டு ஷாட் பாக்கி. அதை மட்டும் முடித்துக்கொடுத்துவிட்டுக் கிளம்பினேன். திண்டுக்கல் போய்ச் சேர்ந்தபோது ஏழு மணி. பொழுது சாய்வதற்குள் எடுக்க வேண்டும் என்று எடுத்துவிட்டார்கள். வாசலில் தண்ணீர் தெளித்திருந்தது.

இரண்டே ஷாட். தொழில் தர்மம் என்று ஒன்று இருக்கிறது.

மார்ச் 17, திங்கள்

இன்று என் சாவு ஒளிபரப்பானது. கீதா வீட்டுக்குப் போய்ப் பார்த்தேன், தனியாகப் பார்க்கத் தைரியம் இல்லை. கீதாவின் மாமனார் டிவியையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு எனக்கு ஒரு டம்ளர் காபி கொடுக்கச் சொன்னார். மருமகள் நன்றாகத்தான் அழுதாள். பெரியநாயகிக்கு நெய்ப்பந்தம் பிடிக்கப் பேரப்பிள்ளைகள் நாலு பேர். பரவாயில்லை, குறையில்லாத சாவு.

வீட்டுக்கு வந்ததும் பாத்திரம் கழுவினேன். கழுவின பாத்திரத்தையே மறுபடி கழுவினேன்.

இரண்டு ஷாட் இல்லை. முழு சீன்.

அன்று என் தம்பி செத்து நான் அழ வேண்டிய சீன். மதியத்துக்கு மேல் எடுப்பதாக இருந்தது. போன் வந்த பிறகு டைரக்டர் அதை வேறொரு நாள் வைத்துக்கொள்ளலாம் என்றார். நான்தான் போய், இன்றைக்கே எடுங்கள் சார், எனக்குக் கிளிசரின் வேண்டாம் என்றேன். நானேதான் சொன்னேன், யாரும் கட்டாயப்படுத்தவில்லை. இருபத்தேழு வருஷமாக ஓரத்தில் நின்று தலையாட்டிய எனக்கு முதல்தடவையாக ஒரு சீன். நெஞ்சுக்குள் வந்து நின்றதை வீணாக்க மனம் வரவில்லை. தம்பியாக நடித்தவர் வயிற்றின் மேல் போனை வைத்துக் கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்தார். "ரெடி" என்றதும் அதை ஒளித்துக்கொண்டார். அவர் மேல் விழுந்து அழுதேன். சண்முகராஜ், சண்முகராஜ் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே அழுதேன். லைட்மேன்கள்கூட அழுதார்கள். கட் சொன்னதும் கைதட்டினார்கள்.

அந்தக் கைதட்டல் எனக்குப் பிடித்திருந்தது. அதையும் எழுதிவிடுகிறேன்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து இரண்டு நாளில் அந்த எபிசோடு வந்தது. அன்று அருள் போன் செய்தான். "எங்கப்பாவுக்கு அழவேண்டியத வேற எவனுக்கோ அழுதுட்டு வந்திருக்க" என்றான். அதற்குப் பிறகு பேசவில்லை. அவனுக்கு எப்படித் தெரிந்தது என்று இன்று வரை எனக்குப் புரியவில்லை. லூர்து சொல்லியிருப்பாள் என்று அவள் மேல்கூடச் சந்தேகப்பட்டிருக்கிறேன்.

மார்ச் 18, செவ்வாய்

லூர்துவுக்குப் போன் செய்து மன்னிப்புக் கேட்டேன். மருதாணி சரியாகப் பிடிக்கவில்லை, பாதி நரை அப்படியே இருக்கிறது. பிரஷர் மாத்திரை தீர்ந்துவிட்டது, வாங்க வேண்டும்.

மார்ச் 20, வியாழன்

காலை பதினொரு மணிக்குப் புது நம்பர். ரூபா, என் மருமகள். அருள் வேலைக்குப் போயிருக்கிறான், அவனுக்குத் தெரியாமல் பேசுகிறாள். திங்கள்கிழமை எபிசோடு பார்த்ததிலிருந்து மனசே சரியில்லை, உங்கள் குரலைக் கேட்க வேண்டும் போல இருந்தது அத்தை என்றாள்.

எனக்கு நாக்கில் சனி. எபிசோடு பார்த்து வருத்தப்படுகிறவர்கள், நான் நிஜமாகச் செத்துவிட்டதாக ஊரே சொன்னபோது எங்கே போயிருந்தீர்கள் என்று கேட்டுவிட்டேன். பெற்ற அம்மா செத்த சேதி கேட்டும் ஒருத்தன் அசையவில்லையே என்றேன்.

ரூபா சொன்னாள். அன்று காலை ஆறு மணியிலிருந்தே அவர்களுக்குப் போன்மேல் போன். இவள் அழ ஆரம்பித்துவிட்டாள். அருள் அந்த வீடியோவை வாங்கி, முகத்தைப் பெரிதாக்கிப் பார்த்தானாம். பார்த்துவிட்டுப் போனைத் திருப்பிக் கொடுத்து, "அம்மா நடிக்கிறாங்க. அழாத" என்றானாம். கூப்பிட்டவர்களுக்கெல்லாம் அதையேதான் சொன்னானாம்.

எப்படி என்று கேட்டேன்.

"நடிக்கும்போது உங்களுக்கு இடது புருவம் லேசா மேல ஏறுமாம் அத்தை. பொணமா படுத்திருக்கும்போதும் ஏறித்தான் இருக்கு, எனக்குக் காட்டினாரு. சின்ன வயசுலயே கண்டுபிடிச்சதாம். ஊருக்கு வந்துட்டுக் கிளம்பும்போது, அடுத்த வாரமே வந்துருவேன்டான்னு சொல்வீங்களாமே. அப்பவும் ஏறுமாம்."

முப்பத்துமூன்று வருஷத்தில் எத்தனை டைரக்டர், எத்தனை கேமராமேன். ஒருத்தர் கண்ணிலும் படவில்லை.

ரூபா நிறுத்தவில்லை. நாலு வருஷமாக ஏழரை மணிக்கு வீட்டில் அந்தச் சீரியல்தானாம். ஷிப்ட் மாறினால் போனில் பார்ப்பானாம். ஒரு வார்த்தை பேசமாட்டானாம், பார்த்து முடித்ததும் எழுந்து போய்விடுவானாம். திங்கள்கிழமையோடு பெரியநாயகி முடிந்துபோனதால் இரண்டு நாளாக ஏழரைக்கு வெளியே போய்விடுகிறானாம். கடைசியில் தயங்கித் தயங்கி, "தப்பா எடுத்துக்காதீங்க அத்தை. உங்க சீன் எல்லாத்துலயும் ஒண்ணே ஒண்ணுலதான் புருவம் ஏறலைன்னு சொல்வாரு. காரைக்குடில எடுத்ததாம்" என்றாள்.

குழந்தை பள்ளியிலிருந்து வரும் நேரம் என்று வைத்துவிட்டாள்.

அன்று ஏழு மணிக்கு நான் திண்டுக்கல் வாசலில் இறங்கி, தெருவே பார்க்க மண்ணில் விழுந்து புரண்டு அழுதேன். கண்ணீர் வந்தது. எனக்கு எப்போது வேண்டுமானாலும் வரும், அதுதானே என் பிழைப்பு. ஆனால் உள்ளே ஒன்றும் இல்லை, எல்லாம் காரைக்குடியில் தீர்ந்துபோயிருந்தது. அருள்தான் என்னைத் தூக்கி நிறுத்தினான். அவன் முகம் என் முகத்துக்கு ஒரு சாண் தூரத்தில் இருந்தது.

பார்த்திருக்கிறான்.

மார்ச் 22, சனி

காலை எட்டரைக்கு அருளுக்குப் போன் செய்தேன். எடுக்கமாட்டான் என்று நினைத்துத்தான் செய்தேன். இரண்டாவது மணியில் எடுத்துவிட்டான். "சொல்லு" என்றான்.

பேச நினைத்ததெல்லாம் போய்விட்டது. முப்பது வரி வசனத்தை ஒரே மூச்சில் சொல்கிறவள், வாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. கடைசியில், "அன்னிக்கு நம்ம வாசல்ல நான் அழுதது நடிப்புடா" என்றேன்.

"தெரியும்மா."

"காரைக்குடியில அழுதேன். அது உங்கப்பாவுக்குத்தான்டா. வேற யாருக்கும் இல்ல."

"அதுவும் தெரியும்."

அவன் வீட்டில் குழந்தை எதற்கோ அடம்பிடிப்பது கேட்டது. வைத்துவிடுவான் என்று நினைத்தேன். வைக்கவில்லை. அவன் குரல் மாறியிருந்தது.

"அத எங்கிட்ட வந்து அழுதிருக்கலாம்லம்மா. நானும் கூட அழுதிருப்பேன். அன்னிக்கு முழுக்க உனக்காகத்தான் அடக்கி வச்சிருந்தேன். நீ வந்து எறங்குன. உன் மூஞ்சியப் பாத்தேன். அப்பறம் எனக்கு அழுகையே வரல. இன்னி வரைக்கும் வரல."

நான் அழுதேன். நிறுத்த முடியவில்லை. சத்தம் போட்டு, மூக்கு ஒழுக, அசிங்கமாக அழுதேன். எந்தக் கேமரா முன்னாலும் அப்படி அழ விடமாட்டார்கள். அழுதுகொண்டே இடது கையால் புருவத்தைத் தொட்டுப் பார்த்தேன். ஏறவில்லை. ஆனால் போனில் அவனுக்கு என் முகம் தெரியாது.

அவன் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தான். பிறகு, ஷிப்டுக்கு நேரமாகிவிட்டது என்று சொல்லி வைத்துவிட்டான்.